உலகமயம் ஏற்றத்தாழ்வைக் கூட்டியதா, குறைத்ததா? காவேரிப்பட்டணத்துத் தம்பிக்கு ஒரு பதில்

கேள்வி சுருக்கமாக இது: "அப்பாவுக்குக் காவேரிப்பட்டணம் பக்கம் இரண்டு ஏக்கர் மாந்தோப்பு. மாங்கூழ் கப்பல் ஏறுகிறது என்கிறார்கள், பழத்துக்கு விலை இல்லை. அக்கா ஓசூர்ப் பக்கம் கைபேசி உதிரிபாகத் தொழிற்சாலையில் வேலை பார்க்கிறாள், வீடு அவள் சம்பளத்தில்தான் ஓடுகிறது. பட்டுப்புழு வளர்க்கும் சித்தப்பா, சீனப் பட்டு வந்து என்னைக் கெடுத்துவிட்டது என்கிறார். கல்லூரியிலோ, உலகமயமாக்கல் நாடுகளுக்கு இடையே ஏற்றத்தாழ்வைக் குறைத்தது, நாட்டுக்குள்ளே கூட்டியது என்று ஒரே வரியில் முடித்துவிட்டார்கள். அந்த வரி சரியா? எங்கள் வீட்டுக்கு அது எப்படிப் பொருந்தும்?"

தம்பி, அந்த வரியை நானும் கரும்பலகையில் எழுதிப்போட்டவன்தான், இருபத்தைந்து வருஷத்துக்கு மேல். தேர்வுக்கு அது போதும். ஆனால் ஒரே வீட்டில் மூன்று பேருக்கு மூன்று விதமாக ஏன் நடந்தது என்று கேட்டால் அந்த வரியிடம் பதில் இல்லை. வரியின் முதல் பாதியைச் சீக்கிரம் பார்த்துவிட்டு உங்கள் வீட்டுக்கு வருகிறேன்.

நாடுகளுக்கு இடையே என்று சொல்லும்போதே ஒரு சிக்கல் இருக்கிறது. ஊருக்கு ஒரு ஓட்டா, ஆளுக்கு ஒரு ஓட்டா? ஒவ்வொரு நாட்டையும் ஒரு ஓட்டாக எண்ணினால், சீனாவும் ஒன்று, சின்னத் தீவு நாடும் ஒன்று. அப்படிக் கணக்குப் போட்டால் 1980-களிலும் 90-களிலும் நாடுகள் ஒன்றைவிட்டு ஒன்று விலகித்தான் போயின. ஆப்பிரிக்காவிலும் லத்தீன் அமெரிக்காவிலும் பல நாடுகள் அந்த இருபது வருஷத்தைக் கடனிலேயே தொலைத்தன. ஆளுக்கு ஒரு ஓட்டு என்று எண்ணினால் கதை தலைகீழ். நூறு கோடிக்கு மேல் மக்கள் உள்ள சீனா மேலே ஏறியதால், உலகத்து மனிதர்களுக்கு இடையிலான இடைவெளி குறைந்தது. உலக மக்கள் அனைவரையும் ஒரே வரிசையில் நிறுத்திக் கணக்கிட்ட பொருளாதார அறிஞர் பிராங்கோ மிலனோவிச், ஏற்றத்தாழ்வை அளக்கும் உலகக் கினிக் குறியீடு 1988-இல் ஏறக்குறைய 70 ஆக இருந்து, முப்பது வருஷத்தில் 60-ஐ ஒட்டி இறங்கியதாகச் சொல்கிறார். முழுச் சமம் என்றால் 0, எல்லாம் ஒருவர் கையில் என்றால் 100. தொழிற்புரட்சிக் காலத்திலிருந்து ஏறிக்கொண்டே வந்த கோடு இவ்வளவு இறங்கியது பெரிய விஷயம். ஆனால் இறக்கத்தில் பெரும் பங்கு சீனாவுடையது. சீனாவே இப்போது நடுத்தட்டுக்கு மேலே போய்விட்டதால், இனி அது வளர்ந்தால் இடைவெளி குறையாது. அடுத்த இறக்கம் இந்தியாவையும் ஆப்பிரிக்காவையும் நம்பி இருக்கிறது.

நம் நாட்டையே எடுத்துக்கொள்ளுங்கள். 1990-இல் இந்தியருக்கும் சீனருக்கும் தலைக்கு வருமானம் கிட்டத்தட்ட ஒன்றுதான், வருஷத்துக்கு 300-லிருந்து 400 டாலருக்குள். 2023-இல் சீனாவுக்குச் சுமார் 12,600, நமக்குச் சுமார் 2,500. அதே 1990-இல் அமெரிக்கருக்கு 24,000 டாலர் அளவு, 2023-இல் 80,000-க்கு மேல். அப்போது அமெரிக்கர் நம்மைப்போல் அறுபது மடங்குக்கு மேல், இப்போது முப்பது மடங்கைக் கொஞ்சம் தாண்டி. மடங்கு பாதியாகிவிட்டது. ஆனால் டாலரில் வித்தியாசம் இருபத்து மூவாயிரத்துச் சொச்சத்திலிருந்து எண்பதாயிரம் அளவுக்குப் போய்விட்டது. குறைந்தது என்பவரும் கூடியது என்பவரும் ஒரே கணக்கின் இரண்டு பக்கத்தைக் காட்டிச் சண்டை போடுகிறார்கள். மேடையில் யார் பேசினாலும் மடங்கைச் சொல்கிறாரா, தொகையைச் சொல்கிறாரா என்று முதலில் கவனியுங்கள்.

மிலனோவிச்சும் கிரிஸ்டோப் லாக்னரும் போட்ட ஒரு வரைபடத்துக்கு யானை வளைவு என்று பெயர். (நம் ஜவளகிரி, தேன்கனிக்கோட்டைப் பக்கம் கேழ்வரகுக் காட்டில் இறங்கும் யானை இல்லை, பயப்பட வேண்டாம்.) 1988-லிருந்து 2008 வரை உலக மக்களில் எந்தப் படியில் இருந்தவருக்கு எவ்வளவு வருமானம் ஏறியது என்று பார்த்தால், நடுப்படியில் இருந்த ஆசியர்களுக்கு 70 சதவீதத்துக்கு மேல் ஏறியிருக்கிறது. அது யானையின் முதுகு. பணக்கார நாடுகளின் தொழிலாளி வர்க்கம் நிற்கும் 80-ஆம் படி ஓரத்தில் கிட்டத்தட்ட ஒன்றுமே ஏறவில்லை. அங்கே தும்பிக்கை தரையைத் தொடுகிறது. உச்சியில் உள்ள ஒரு சதவீதத்துக்கு மறுபடி தூக்கிய தும்பிக்கை. மொத்தமாக வந்த கூடுதல் பணத்தில் மட்டும் 44 சதவீதம் உச்சி ஐந்து சதவீதத்தாரிடம் போயிருக்கிறது. மடங்கு, தொகை என்ற அதே பேதம்தான் இங்கேயும்.

சரி, உங்கள் வீட்டுக்கு வருவோம். அக்காவிலிருந்து தொடங்குகிறேன்.

1941-இல் ஸ்டோல்பர், சாமுவேல்சன் என்ற இருவர் ஒரு தேற்றம் எழுதினார்கள். ஏழை நாட்டில் உழைப்பாளிகள் அதிகம், மூலதனமும் தேர்ச்சியும் குறைவு. கதவைத் திறந்தால் அந்த நாடு உழைப்பு அதிகம் தேவைப்படும் பொருளைத்தான் ஏற்றுமதி செய்யும். அதனால் சாதாரணத் தொழிலாளிக்குக் கிராக்கி கூடும், கூலி ஏறும், உள்நாட்டு ஏற்றத்தாழ்வு குறையும். பணக்கார நாட்டில் இதற்கு நேர் எதிராக நடக்கும். காகிதத்தில் அழகான தேற்றம். அமெரிக்காவில் அது ஓரளவு பலித்தது. 2001 டிசம்பரில் சீனா உலக வர்த்தக அமைப்பில் சேர்ந்த பிறகு, சீனப் பொருளோடு நேரடியாகப் போட்டியிட்ட அமெரிக்கத் தொழில் ஊர்கள் எப்படி நொடித்தன என்பதை ஆட்டர், டோர்ன், ஹான்சன் மூவரும் ஊர் ஊராகக் காட்டியிருக்கிறார்கள். ஏழை நாடுகளில்தான் தேற்றம் சறுக்கியது. 1980-களின் நடுவில் கதவைத் திறந்த மெக்சிகோவில் படித்தவருக்கும் படிக்காதவருக்கும் இடையிலான கூலி வித்தியாசம் குறைவதற்குப் பதில் கூடியது. இந்தியாவிலும் அப்படித்தான்.

காரணத்தை உங்கள் அக்காவிடமே பார்க்கலாம். பணக்கார நாட்டுக் கம்பெனி தன்னிடம் இருப்பதிலேயே எளிய வேலையைத்தான் வெளியே அனுப்புகிறது. அவர்களுக்குக் கடைசிப் படியான அந்த வேலை இங்கே வந்து இறங்கும்போது நமக்கு நடுப்படி வேலை. அதற்குப் பிளஸ் டூவோ ஐ.டி.ஐ.யோ டிப்ளமாவோ கேட்கிறார்கள். உங்கள் அக்கா உள்ளே போனார். ஐந்தாம் வகுப்போடு நின்றுபோன பென்னாகரத்து அம்மா ஒருவர் போக முடியவில்லை. இரண்டு நாட்டிலும் ஒரே நேரத்தில் தேர்ச்சிக்குக் கிராக்கி கூடியது இப்படித்தான். இது ஃபீன்ஸ்ட்ரா, ஹான்சன் இருவரும் 1990-களில் சொன்ன விளக்கம். எனக்கு இதுதான் நம் தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களுக்கு மிகவும் பொருந்துவதாகத் தெரிகிறது.

அக்கா செய்யும் பொருளில் அக்காவுக்கு எவ்வளவு? 2010-இல் வந்த ஐபோன் 4-ஐ மூன்று ஆய்வாளர்கள் கணக்குப் பிரித்துப் பார்த்தார்கள். விற்பனை விலையில் ஆப்பிள் கம்பெனிக்கு 58.5 சதவீதம், சீனாவில் கோத்துக் கொடுத்த தொழிலாளிகள் எல்லோருக்கும் சேர்த்து 1.8 சதவீதம். ஓசூரில் இன்று அந்தப் பங்கு எவ்வளவு இருந்தாலும் அள்ளிக் கொடுக்கும் பங்காக இருக்காது. ஆனால் அக்கா தன் சம்பளத்தை ஆப்பிளின் லாபத்தோடு ஒப்பிடுவாரா, களை எடுக்கப் போன அம்மாவின் கூலியோடு ஒப்பிடுவாரா? இரண்டாவதோடுதான். அவர் வீட்டில் ஏழ்மை குறைந்ததும் உண்மை, உலகத்து உச்சியில் செல்வம் குவிந்ததும் உண்மை. இரண்டும் ஒரே கன்வேயரில் நடந்தவை.

மாந்தோப்புக்கு வருகிறேன். இதுதான் எனக்கு மிகவும் தெரிந்த விஷயம், கொஞ்சம் நீளும்.

வெளியூரார் தோத்தாபுரி என்பதை நாம் பெங்களூரா என்கிறோம். கூழுக்கு அதுதான். கூழ் வளைகுடாவுக்கும் ஐரோப்பாவுக்கும் போகிறது. உலகச் சந்தை கிடைத்தால் விவசாயிக்கு விலை கிடைக்க வேண்டும், தேற்றப்படி. ஆனால் நடப்பதைப் பாருங்கள். எல்லாத் தோப்பும் ஒரே நேரத்தில், வைகாசி ஆனியில், காய்த்துத் தள்ளும். பறித்த பழம் சில நாள்தான் தாங்கும். அதுவே கூழாகி, கிருமி நீக்கி, டிரம்மில் அடைபட்டுவிட்டால் ஒரு வருஷத்துக்கு மேல் இருக்கும். போன வருஷச் சரக்கு ஆலையில் தேங்கியிருந்தால் இந்த வருஷம் ஆலைக்கு அவசரமே இல்லை. வாசலில் லாரிகள் வரிசையில் நிற்க நிற்க விலை இறங்கும். கிலோ ஐந்தாறு ரூபாய்க்குக்கூடப் போகும், அது பறிப்புக் கூலிக்கும் வண்டி வாடகைக்குமே சரியாகிவிடும். காசுக்கு முடை வந்து, பூ பிடிக்கும்போதே தோப்பைக் குத்தகைக்கு விட்டவர் பாடு இன்னும் மோசம். விலை ஏறும் வருஷத்திலும் அவருக்கு ஒன்றும் வராது. ஆலைக்காரரைத் திட்டிப் பயனில்லை என்று நான் சொல்வதுண்டு, அதற்காகத் தோப்புக்காரர்களிடம் வாங்கியும் கட்டிக்கொண்டிருக்கிறேன். ஆலைக்காரர் மேலேயும் துபாயில் ஒருவர் உட்கார்ந்திருக்கிறார். இவர் விலை கூட்டினால் அவர் மெக்சிகோவையோ வேறு நாட்டையோ பார்ப்பார். சங்கிலியில் யாரால் காத்திருக்க முடியுமோ அவர் கையில் விலை இருக்கிறது. மரம் வைத்திருப்பவரால் காத்திருக்கவும் முடியாது, மரத்தைப் பெயர்த்துக்கொண்டு வேறு தொழிலுக்கு நகரவும் முடியாது.

சித்தப்பாவின் பட்டுக்கூட்டிலும் அதே கதை, வேறு வேஷத்தில். புழு கூடு கட்டிவிட்டால் அந்துப்பூச்சி துளைத்து வெளியே வருவதற்குள் விற்றாக வேண்டும். தருமபுரி பட்டுக்கூடு அங்காடிக்கோ கர்நாடகத்து ராமநகரத்துக்கோ கொண்டுபோய் ஏலத்தில் கொட்டிவிட்டு, அன்றைய விலையை வாங்கிக்கொண்டு திரும்ப வேண்டியதுதான். கூட்டை அவித்து நூலாக இழுத்தவருக்கு மாதக்கணக்கில் அவகாசம் உண்டு.

சித்தப்பா சீனப் பட்டைக் குறை சொல்வதில் நியாயம் இருக்கிறது. உலகத்தில் அதிகம் பட்டு விளைவிப்பது சீனா, அடுத்தது நாம். 2011 பட்ஜெட்டில் கச்சாப் பட்டுக்கான இறக்குமதி வரியை 30 சதவீதத்திலிருந்து ஒரேயடியாக 5 சதவீதமாக இறக்கினார்கள். அந்த ஆண்டே கூடு விலை சரிந்தது. விவசாயிகள் கத்தியபின் 2013-இல் 15 சதவீதம் ஆக்கினார்கள். ஏன் இறக்கினார்கள்? காஞ்சிபுரத்திலும் ஆரணியிலும் தறி போட்டவர்களிடம் கேளுங்கள். பாவுக்கு ஒரே சீரான, அறுபடாத நூல் வேண்டும், சீனப் பட்டு அப்படி வந்தது, ஊடைக்கு நம் பட்டு ஓடும் என்பார்கள். வரி கூடினால் சித்தப்பாவுக்கு நல்லது, ஆரணி நெசவாளிக்குக் கேடு. குறைத்தால் நேர்மாறு. சீனாவுக்கும் இந்தியாவுக்கும் சண்டை என்று சொன்னார்கள். உள்ளே எட்டிப் பார்த்தால், இங்கே புழு வளர்ப்பவரும் அங்கே தறி நெய்பவரும், இரண்டு பக்கமும் நம் ஆட்கள்தான். நாட்டுக்குள் ஏற்றத்தாழ்வு என்று புத்தகம் சொல்வது இந்த மாதிரி வரி அட்டவணையின் ஒற்றை வரியில் நிர்ணயமாகிறது. வெண்கூடு தரும் இருசந்ததிப் புழுவுக்கு மாறியவர்கள் இந்தப் போட்டியில் ஓரளவு தாக்குப்பிடித்தார்கள் என்பதையும் சொல்லியாக வேண்டும். அதற்குத் தனி வளர்ப்பு மனை, சொட்டுநீர், தண்ணீருள்ள கிணறு எல்லாம் வேண்டும். அரை ஏக்கர் மானாவாரிக்காரருக்கு அது கட்டாது.

இப்படி ஒரு தொழில் அடிபடும்போது அதைச் செய்தவர்கள் வேறு இடத்துக்கும் வேறு தொழிலுக்கும் போய்விடுவார்கள் என்பது பாடப்புத்தகத்தின் நம்பிக்கை. பெத்யா தோபலோவா என்ற பொருளாதார அறிஞர் இதை இந்தியாவிலேயே சோதித்தார். 1991-க்கு முன் நம் சராசரி இறக்குமதி வரி 80 சதவீதத்துக்கு மேல், சில பொருள்களுக்கு 300-ஐயும் தாண்டியது. அன்னியச் செலாவணி நெருக்கடியில் ஐ.எம்.எஃப். கடனோடு அந்த வரிகள் மளமளவென்று இறங்கின. எந்த மாவட்டத்தின் தொழில்கள் அதிக வரிக் குறைப்பைச் சந்தித்தனவோ, அங்கே கிராம வறுமை மற்ற இடங்களைவிட மெதுவாகத்தான் குறைந்தது என்று அவர் கண்டார். நாடு முழுக்க வறுமை குறைந்த காலம் அது, அதை மறக்கக் கூடாது. அடிபட்ட ஊரில் குறைந்த வேகம் மட்டும் மந்தம். முக்கியக் காரணமாக அவர் காட்டியது, ஆட்கள் ஊரைவிட்டும் தொழிலைவிட்டும் நகரவில்லை என்பது.

தருமபுரிக்காரர்கள் நகராதவர்களா என்று நீங்கள் கேட்கலாம். பெங்களூருவில் எழுந்த கட்டடங்களில் பாதிக்கு நம் ஆட்கள் சித்தாளாக மண் சுமந்திருக்கிறார்கள் என்று வேடிக்கையாகச் சொல்வோம். ஆனால் யார் போனார்கள் என்று எண்ணிப் பாருங்கள். இளைஞர்கள், அங்கே ஏற்கெனவே மாமனோ மச்சானோ மேஸ்திரியாக இருந்தவர்கள். ஐம்பது வயதில், நிலமும் மாடும் கடனும் வைத்திருப்பவர் எங்கே போவார்? அப்பா, சித்தப்பா, அக்கா மூவரில் நகர முடிந்தவர் ஒருவர்தான், ஏறியவரும் அவர்தான்.

நகர்வது என்பது பஸ் டிக்கெட் மட்டும் இல்லை. அக்கா பிளஸ் டூ முடித்ததால் நகர்ந்தார். பெண் குழந்தையைக் கொல்வதற்கும் சின்ன வயசுக் கல்யாணத்துக்கும் பேர்போன நம் பக்கத்தில், பெண்ணைப் பள்ளியில் நிறுத்தி வைத்தது சத்துணவும், படித்திருந்தால்தான் கிடைக்கும் என்று 1989-இல் தொடங்கிய திருமண உதவித் திட்டமும், சைக்கிளும், விடுதியும். இந்தியத் தொழிற்சாலைகளில் வேலை செய்யும் பெண்களில் ஏறக்குறைய ஐந்தில் இரண்டு பேர் தமிழ்நாட்டில் இருப்பதற்கு உலகமயத்துக்கு மட்டும் மாலை போட முடியாது. ஓசூரும் அப்படியே. அங்கே சிப்காட் 1970-களில் வந்தது. தமிழ்நாடு அரசின் டிட்கோ நிறுவனமும் டாடாவும் கூட்டாகத் தொடங்கிய டைட்டன், அசோக் லேலண்ட், டிவிஎஸ் எல்லாம் 1991-க்கு முன்பே அங்கே வந்துவிட்டன. உலகம் வந்தபோது சாலையும் தேர்ந்த தொழிலாளியும் தயாராக இருந்தன, பெங்களூரு நாற்பது கிலோமீட்டரில் இருந்தது. 2004 வரை ஒரே மாவட்டமாக இருந்த ஓசூரும் பென்னாகரமும் இன்று இரண்டு நாடு மாதிரி இருப்பதற்கு வரிக் குறைப்பைவிட இந்த நாற்பது கிலோமீட்டர் பெரிய காரணம் என்பது என் அபிப்பிராயம்.

உலகப் பணம் தொழிற்சாலை வாசல் வழியாக மட்டும் வருவதில்லை. பல் பழுப்பாகி எலும்பு வளையும் ஃபுளோரைடு தண்ணீரிலிருந்து நம் இரண்டு மாவட்டங்களையும் மீட்க வந்த ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம், 1,900 கோடி ரூபாய்க்கு மேல் மதிப்புள்ளது, பெரும்பகுதி ஜப்பான் கடன். 2013-இல் திறந்தார்கள். எந்தக் கினிக் கணக்கிலும் இது ஏறாது.

கினி என்றதும் ஒரு எச்சரிக்கை. இந்தியாவில் ஏற்றத்தாழ்வு குறைந்தது என்று ஒருவரும், வெள்ளைக்காரன் காலத்தைவிடக் கூடியது என்று இன்னொருவரும் எழுதுவார்கள். முதல் ஆள் குடும்பச் செலவுக் கணக்கெடுப்பைப் பார்க்கிறார். அதில் 2011-12-க்கும் 2022-23-க்கும் நடுவில் வித்தியாசம் குறைந்துதான் இருக்கிறது. இரண்டாம் ஆள், வருமான வரித் தரவையும் சேர்த்துப் பார்த்த பிரெஞ்சுப் பொருளாதார அறிஞர் பிக்கெட்டி குழுவின் கணக்கைச் சொல்கிறார். அதன்படி 1980-களின் தொடக்கத்தில் மொத்த வருமானத்தில் 6 சதவீதம் அளவு வாங்கிய உச்சி ஒரு சதவீதத்தார், 2022-23-இல் 22.6 சதவீதம் வாங்குகிறார்கள். கணக்கெடுப்பாளர் வீட்டுக்கு வந்தால் நீங்கள் கதவைத் திறப்பீர்கள், கோடீஸ்வரர் வீட்டில் காவலாளியைத் தாண்டவே முடியாது. திறந்தாலும் அவர் செலவைச் சொல்வார், சேமித்ததைச் சொல்லமாட்டார். அதனால் உச்சியைப் பற்றிப் பேசும்போது இரண்டாவதைத்தான் நம்புகிறேன். கீழே இருப்பவர் நிலைக்கு முதலாவது பரவாயில்லை.

ஆனால் அந்த 22.6-க்கு முழுப் பழியையும் வர்த்தகத்தின் தலையில் போட மாட்டேன். பிரேசிலும் உலகச் சந்தையில் இருந்த நாடுதான். 2000-களில் குறைந்தபட்சக் கூலியை உயர்த்தி, பள்ளிக்கு அனுப்பும் ஏழைக் குடும்பத்துக்கு நேரடியாகப் பணம் கொடுத்து, கினியை நன்றாகவே இறக்கியது. டென்மார்க், சுவீடன் போல் கதவைத் திறந்து வைத்த நாடுகள் குறைவு, அங்கே ஏற்றத்தாழ்வும் குறைவு. வியட்நாமில் 2001-இல் அமெரிக்காவுடன் ஒப்பந்தம் வந்தபின், வீட்டுத் தொழிலிலிருந்து பதிவுபெற்ற கம்பெனி வேலைக்கு ஆட்கள் பெருமளவில் மாறினார்கள். மாற முடிந்ததுதான் அங்கே விஷயம்.

கதவு திறப்பது போலவே மூடவும் செய்யும். 2025 ஆகஸ்டில் அமெரிக்கா இந்தியப் பொருள்களுக்கு 50 சதவீதம் வரி போட்டபோது, நம் அரூர்ப் பிள்ளைகள் வேலை செய்யும் திருப்பூர்ப் பனியன் கம்பெனிகள் ஆடிப்போயின. கைபேசிக்கு விலக்கு இருந்தது. இரண்டும் உழைப்பாளியின் விரல் செய்யும் வேலைதான். எந்தப் பெட்டியில் ஏறும் சரக்கு என்பதை வைத்து ஒருவருக்கு ஓவர்டைம், ஒருவருக்கு லே-ஆஃப்.

தேர்வுக்கு எழுதும்போது அந்த ஒற்றை வரியை எழுதி, ஆளுக்கு ஓட்டு, மடங்கு, தொகை என்ற மூன்றையும் அதன் கீழே விளக்குங்கள். தோபலோவாவைச் சேர்த்தால் மதிப்பெண் கூடும். வீட்டுக் கணக்குக்கு வேறொன்று செய்யுங்கள். அடுத்த தடவை அக்கா வரும்போது சம்பளச் சீட்டை வாங்கி, மேலே யார் பெயர் போட்டிருக்கிறது என்று பாருங்கள். தொழிற்சாலையின் பெயரா, ஆள் அனுப்பும் ஒப்பந்தக்காரர் பெயரா? 2022-23 தொழிற்சாலைக் கணக்கெடுப்பில் இந்தியத் தொழிலாளிகளில் 40 சதவீதத்துக்கு மேல் இரண்டாவது வகை. 2000 வாக்கில் அது ஐந்தில் ஒன்றுதான். ஒரே மேஜையில் ஒரே திருகை முடுக்கும் இருவருக்கு இரண்டு சம்பளம் வருவது அந்தப் பெயரால்தான். ஒப்பந்தக்காரர் பெயர் இருந்தால், பி.எஃப். எண் சொந்தமாக இருக்கிறதா, அதில் மாதாமாதம் பணம் ஏறுகிறதா என்றும் பார்த்துவிட்டு எழுதுங்கள். அதற்குமேல் என்ன செய்யலாம் என்று அப்போது சொல்கிறேன்.